பேஸ்பால் கோச் வேலைக்குப் போவது எப்படி: முதல் கோப்பிலிருந்து முதல் ஒப்பந்தம் வரை

அமெரிக்கத் தொழில்முறை பேஸ்பாலில் கோச் ஆவதற்குத் தேர்வு கிடையாது, உரிமம் கிடையாது. ஐரோப்பியக் கால்பந்தில் படிப்படியாக உரிமம் வாங்கி மேலே போகலாம். இங்கே அப்படி ஒரு ஏணியே இல்லை. அதனால் யாரைக் கேட்டாலும் தான் வந்த வழிதான் ஒரே வழி என்று சொல்வார்கள். முன்னாள் வீரர் "ஆடியிருக்கணும்" என்பார், ஆய்வகத்திலிருந்து வந்தவர் "டேட்டா தெரியணும்" என்பார். நான் இந்தக் குழப்பத்தில் நிறைய அலைந்தேன். நீங்கள் அவ்வளவு அலைய வேண்டாம் என்றுதான் இதை வரிசைப்படுத்தி எழுதுகிறேன்.

1. எந்த வேலை என்று முதலில் முடிவு செய்யுங்கள்

"பேஸ்பால் கோச்" என்று பொதுவாக ஒரு வேலை இல்லை. பிட்சிங் (பந்துவீச்சு) கோச், ஹிட்டிங் (மட்டையடி) கோச், கேட்சிங் (பேட்டருக்குப் பின்னால் இருந்து பந்தைப் பிடிப்பது) கோச், பேஸ் ரன்னிங் மற்றும் ஃபீல்டிங் பார்ப்பவர், உடற்பயிற்சி கோச் என்று தனித்தனி. இவர்களுக்கு மேலே, அணியின் எல்லா நிலைகளுக்கும் சுற்றிவரும் கோஆர்டினேட்டர்கள். கிரிக்கெட்டில் தலைமைப் பயிற்சியாளர் செய்யும் வேலையை இங்கே செய்பவர் மேனேஜர்.

உச்சநிலையான மேஜர் லீகில் 30 அணிகள். ஒவ்வொன்றுக்கும் கீழே சிங்கிள்-ஏ, ஹை-ஏ, டபுள்-ஏ, ட்ரிபிள்-ஏ என்று நான்கு நிலைகளில் துணை அணிகள், மொத்தம் 120. இந்தக் கீழ்நிலைகளைத்தான் மைனர் லீக் என்கிறார்கள். அதற்கும் கீழே அரிசோனாவிலும் ஃபுளோரிடாவிலும் அணிகளின் பயிற்சி வளாகங்களிலேயே நடக்கும் காம்ப்ளக்ஸ் லீக், டொமினிக்கன் குடியரசில் கோடைக்கால லீக்.

புதியவருக்கு இடம் கிடைப்பது பெரும்பாலும் அடியில்தான். காம்ப்ளக்ஸ் லீக், டொமினிக்கன் லீக், சிங்கிள்-ஏ அணியில் டெவலப்மென்ட் கோச், கேமராவையும் கருவிகளையும் கவனிக்கும் உதவியாளர் இந்த நான்கையும் குறிவையுங்கள். கடைசியாகச் சொன்ன வேலையைப் பலர் மதிப்பதில்லை. ஆனால் அதில் இருப்பவர் தினமும் எல்லா கோச்களோடும் பேசுகிறார், எல்லா வீரர்களின் வீடியோவையும் பார்க்கிறார். அடுத்த ஆண்டு ஓர் இடம் காலியானால் முதலில் நினைவுக்கு வருவது அவர் பெயர்தான்.

2. தொழில்முறையாக ஆடவில்லையே என்று ஒதுங்க வேண்டாம்

நியூயார்க் யாங்கீஸின் பிட்சிங் கோச்சாக 2020 சீசனுக்கு வந்த மேட் பிளேக் தொழில்முறை ஆட்டம் ஆடியவரல்ல. பள்ளி அணி, தனியார் பயிற்சிக்கூடம் என்று வேலை பார்த்து மேலே வந்தவர். ரேச்சல் பால்கோவெக் உடற்பயிற்சி கோச்சாகத் தொடங்கி, ஹிட்டிங் கோச் ஆகி, 2022இல் யாங்கீஸின் சிங்கிள்-ஏ துணை அணியான டாம்பா டார்பன்ஸின் மேனேஜர் ஆனார். ஆரம்பத்தில் பெண் பெயர் என்பதாலேயே பதில் வராமல் போக, விண்ணப்பத்தில் "ரே" என்று சுருக்கிப் போட்ட பிறகுதான் அழைப்புகள் வந்தன என்று அவரே சொல்லியிருக்கிறார்.

ஆனால் ஒன்று. ஆடியவருக்கு அவர் பெயரே சாட்சி. ஆடாதவர் அந்தச் சாட்சியைத் தானே உருவாக்கி எடுத்துக்கொண்டு போக வேண்டும். அடுத்த படி அதைப் பற்றித்தான்.

3. ஒரு வீரரை முன்னேற்றிய கோப்பு

ரெஸ்யூமேயை விட இது முக்கியம். ஒரே ஒரு வீரர், இரண்டு பக்கம், கூடவே சில வீடியோத் துண்டுகள். அவர் எங்கே இருந்தார், நீங்கள் என்ன கவனித்தீர்கள், எதை மாற்றினீர்கள், என்ன ஆனது. அவ்வளவுதான்.

ஓர் உதாரணம் வைத்துக்கொள்வோம். 19 வயது வலதுகை பிட்சர். வேகப்பந்து மணிக்கு 91 மைல். ஆனால் அடிக்கிறார்கள். கருவியில் பார்த்தால் பந்தின் செங்குத்து விலகல் (சுழற்சியால் பந்து கீழே விழாமல் தாங்கும் அளவு) 13 அங்குலம். மேஜர் லீகில் நான்கு-தையல் வேகப்பந்துக்கு (வழக்கமான பிடியில் வீசும் வேகப்பந்து) இது சராசரியாக 16 அங்குலத்தை ஒட்டி இருக்கும். அதாவது இவர் பந்து "எழும்புவதும்" இல்லை, கீழே இறங்குவதும் இல்லை, பேட்டர் எதிர்பார்க்கும் இடத்துக்கே நேராக வந்து நிற்கிறது. இப்போது கோப்பில் எழுத வேண்டியது: மெதுவான வீடியோவில் விரல்கள் பந்தின் பக்கவாட்டில் நழுவுகின்றன. இரண்டு வழி உண்டு. விரலைப் பந்துக்குப் பின்னால் கொண்டுவரப் பார்க்கலாம், அல்லது இயல்பாக அவர் கை செய்வதை ஏற்றுக்கொண்டு சிங்கரோ (கீழே இறங்கும் பந்து) கட்டரோ (கடைசியில் பக்கவாட்டில் விலகும் பந்து) கற்றுக்கொடுக்கலாம். நீங்கள் எதைத் தேர்ந்தீர்கள், ஏன்? வாரத்துக்கு எத்தனை நாள், என்ன பயிற்சி? வீரர் என்ன சொன்னார்? எந்த வாரம் எதுவும் நகரவில்லை?

அந்தக் கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். எல்லாம் நேர்கோட்டில் முன்னேறியதாக எழுதிய கோப்பை வேலைக்கு எடுப்பவர்கள் நம்புவதில்லை. அவர்களும் தினமும் இதே வேலையைத்தான் பார்க்கிறார்கள்.

செலவு? பயந்துவிட வேண்டாம். கைபேசியில் நொடிக்கு 240 படம் எடுக்கும் ஸ்லோ மோஷன் தொடக்கத்துக்குப் போதும். மட்டையின் முனையில் மாட்டும் பிளாஸ்ட் மோஷன் சென்சார் சுமார் 150 டாலர், அதற்கு மேல் சந்தா. கையடக்க வேகமானி முந்நூறு, நானூறு டாலருக்குக் கிடைக்கும். பந்தின் சுழற்சியை அளக்கும் ராப்சோடோ, அதிவேக எட்ஜர்ட்ரானிக் கேமரா எல்லாம் ஆயிரக்கணக்கில் போகும், சொந்தமாக வாங்காதீர்கள். அவை இருக்கும் பயிற்சிக்கூடத்தில் வாரம் ஒரு நாள் உதவிக்குப் போனால் இலவசமாகக் கைபழகும்.

பொறி ஒன்று: வீரர் பதினெட்டு வயதுக்குக் கீழ் என்றால் பெற்றோரின் எழுத்துப்பூர்வ சம்மதம் இல்லாமல் வீடியோவை யாருக்கும் அனுப்பாதீர்கள். அப்புறம், சிறுவர்களின் கையைக் காக்க பிட்ச் ஸ்மார்ட் என்ற பந்து எண்ணிக்கை வரம்பு உண்டு: 11–12 வயதுக்கு ஒரு நாளில் 85 பந்து, 13 முதல் 16 வரை 95, 17–18க்கு 105. உங்கள் கோப்பில் உள்ள பதிவு இந்த எண்ணைத் தாண்டியிருந்தால் கோப்பு உங்களுக்கு எதிராகவே பேசும்.

4. அனுபவம் எங்கே சேர்ப்பது

கல்லூரி அணிகள்தான் அகலமான வழி. கல்லூரி விளையாட்டின் உச்சநிலையான டிவிஷன் 1 பேஸ்பாலில் முன்பு சம்பளமில்லாத "வாலண்டியர் அசிஸ்டன்ட்" என்று ஓர் இடம் இருந்தது. 2023 ஜூலையோடு அந்த வகையை எடுத்துவிட்டார்கள், இப்போது அது சம்பளம் கொடுக்கக்கூடிய இடம். நல்லதுதான், ஆனால் போட்டியும் கூடிவிட்டது. இன்றும் பழைய வாலண்டியர் வழியைச் சொல்லும் அறிவுரைகள் நிறைய உலவுகின்றன, அவற்றை நம்பி டிவிஷன் 1 அணிகளுக்கு எழுதிக்கொண்டிருக்காதீர்கள். டிவிஷன் 2, டிவிஷன் 3, என்ஏஐஏ (சிறிய கல்லூரிகளின் தனி விளையாட்டுச் சங்கம்) கல்லூரிகளில் கிராஜுவேட் அசிஸ்டன்ட் (படித்துக்கொண்டே வேலை பார்க்கும்) இடம் தேடுங்கள். முதுகலைப் படிப்புக் கட்டணத்தில் முழுவதையோ ஒரு பகுதியையோ கல்லூரி ஏற்கும், கைச்செலவுக்குக் கொஞ்சம் பணமும் வரும். சேருவதற்கு முன் எவ்வளவு கட்டணக் கழிவு, தங்குமிடம் உண்டா என்று எழுத்தில் வாங்குங்கள்.

கோடையில் கேப் காட், நார்த்வுட்ஸ் போன்ற கல்லூரி வீரர்களின் லீகுகள் நடக்கின்றன. மர மட்டையில் ஆடுவதால் ஸ்கவுட்டுகள் வந்துகொண்டே இருப்பார்கள். சம்பளம் பெயருக்குத்தான். ஆனால் டிவிஷன் 1 வீரர்களோடு ஒரு கோடை முழுக்க வேலை செய்தீர்கள் என்று சொல்லிக்கொள்ளலாம்.

அட்லாண்டிக் லீக், அமெரிக்கன் அசோசியேஷன், ஃப்ரான்டியர், பயனியர் ஆகியவை மேஜர் லீகோடு கூட்டு வைத்திருக்கும் சுயேச்சை லீகுகள். அங்கே கோச் எண்ணிக்கை குறைவு, அதனால் ஒரே ஆள் நாலு வேலை பார்க்க வேண்டும். கற்றுக்கொள்ள அதைவிட நல்ல இடம் இல்லை என்பது என் கருத்து.

5. கைவேலை

கணினி தெரிந்தவர்கள் பெரும்பாலும் கோட்டைவிடும் இடம் இது. கோச் என்றால் உடம்பால் செய்யும் வேலை. ஃபங்கோ என்ற இலேசான பயிற்சி மட்டையால் ஷார்ட்ஸ்டாப்புக்கு (இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு நடுவில் நிற்கும் ஃபீல்டர்) ஒரே இடத்தில் இருபது தரைப்பந்து அடிக்கத் தெரிய வேண்டும். கேட்சருக்கு நேர் மேலே பாப்-அப் (செங்குத்தாக எழும் பந்து) அடிப்பது இன்னும் கஷ்டம், அதைத் தனியாகப் பழகுங்கள்.

அதைவிட முக்கியம் பேட்டிங் பயிற்சிக்குப் பந்து வீசுவது. எல் வடிவத் திரைக்குப் பின்னால் நின்று, ஒரே வேகத்தில், ஒரே இடத்தில், சலிக்காமல் ஸ்ட்ரைக் போட வேண்டும். வேகம் யாருக்கும் வேண்டாம், தாளம்தான் வேண்டும். இடதுகையால் நன்றாக வீசுபவருக்கு எப்போதும் கிராக்கி உண்டு, நீங்கள் இடதுகைக்காரர் என்றால் ரெஸ்யூமேயின் முதல் வரிகளிலேயே அதைப் போடுங்கள். வீசி முடித்ததும் கையைத் திரைக்குப் பின்னால் இழுக்கும் பழக்கத்தை முதல் நாளிலிருந்தே ஏற்படுத்திக்கொள்ளுங்கள். களைத்துப்போன நேரத்தில்தான் கை வெளியே நிற்கும், பந்தும் அப்போதுதான் திரும்பி வரும்.

ஸ்பானிஷ். மேஜர் லீக் வீரர்களில் கால்வாசிக்கு மேல் அமெரிக்காவுக்கு வெளியே பிறந்தவர்கள், அதிலும் டொமினிக்கன் குடியரசும் வெனிசுவேலாவும்தான் முன்னால். காம்ப்ளக்ஸ் லீகில் அந்தப் பங்கு இன்னும் அதிகம். "கொஞ்சம் ஸ்பானிஷ் தெரியும்" என்று ரெஸ்யூமேயில் போட்டால் நேர்காணலில் பாதியிலேயே ஸ்பானிஷுக்கு மாறிவிடுவார்கள். தெரிந்த அளவை மட்டும் போடுங்கள். இலக்கணம் பிறகு, முதலில் மைதானச் சொற்களையும் உடல் உறுப்புகளின் பெயர்களையும் கற்றுக்கொள்ளுங்கள். "எங்கே வலிக்கிறது" என்று கேட்கத் தெரியாத கோச்சிடம் பதினேழு வயதுப் பையன் தோள்வலியைச் சொல்லமாட்டான்.

6. ஆவணங்கள்

ஒரு பக்க ரெஸ்யூமே, மூன்றாவது படியில் சொன்ன கோப்பு, இரண்டு மூன்று பேரின் தொடர்பு விவரம் (அவர்களிடம் முன்கூட்டியே சொல்லி வையுங்கள், திடீரென்று அழைப்பு வரும்), பட்டப்படிப்புச் சான்று, முதலுதவி மற்றும் சிபிஆர் சான்றிதழ். ரெட் கிராஸ் தரும் சிபிஆர் சான்று இரண்டு ஆண்டுக்குத்தான் செல்லும், சீசன் நடுவில் காலாவதி ஆகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். சிறுவர் பாதுகாப்புக்கான சேஃப்ஸ்போர்ட் பயிற்சியையும் முடித்து வைப்பது நல்லது. யுஎஸ்ஏ பேஸ்பால் அமைப்பின் இணையப் பயிற்சிகளில் பல இலவசம். உடற்பயிற்சி கோச் ஆக நினைத்தால் மட்டும் கதை வேறு. சிஎஸ்சிஎஸ் என்ற உடற்பயிற்சி வல்லுநர் சான்றிதழ் இல்லாமல் பெரும்பாலும் யாரும் பேசவே மாட்டார்கள், அதற்குப் பட்டப்படிப்பும் வேண்டும்.

வேலை கிடைத்ததும் பின்னணிச் சோதனை நடக்கும். வேலை செய்யும் உரிமையைச் சரிபார்க்கும் ஐ-9 படிவத்துக்கான அசல் ஆவணங்களைச் சேர்ந்த மூன்று வேலை நாளுக்குள் காட்ட வேண்டும். ஓட்டுநர் உரிமம் இல்லாதவர்கள் இப்போதே எடுத்துவிடுங்கள், காம்ப்ளக்ஸில் வேன் ஓட்டும் வேலை புதிய கோச் தலையில்தான் விழும்.

பாஸ்போர்ட்டை மறக்காதீர்கள். டொமினிக்கன் லீகுக்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம். ஹை-ஏ நிலையில் நார்த்வெஸ்ட் லீகில் வான்கூவர் அணி இருக்கிறது, அந்த லீகின் எந்த அணியில் சேர்ந்தாலும் கனடா போய்வர வேண்டியிருக்கும்.

7. வெளிநாட்டவர் என்றால்: விசா

இங்கேதான் காலம் காலை வாரும். வீரர்களுக்குப் பி-1 (ஆங்கிலத்தில் P-1) விசா இருக்கிறது. கோச்சுக்கு அந்த நேர்வழி அவ்வளவு சுலபமில்லை. ஓ-1 (தனித்திறமை உள்ளவர்களுக்கு), பி-1எஸ் (P-1S, வீரர்களின் உதவிப் பணியாளர்களுக்கு), எச்-1பி (H-1B, பட்டப்படிப்பு தேவைப்படும் வேலைகளுக்கு) என்று நிலைமைக்கேற்ப அணியின் வழக்கறிஞர்தான் முடிவு செய்வார். எதுவானாலும் ஐ-129 மனுவை உங்களுக்காக இன்னொருவர் போட வேண்டும், நீங்களே போட முடியாது. மனு ஏற்கப்பட்ட பிறகு நீங்கள் டிஎஸ்-160 என்ற விசா விண்ணப்பத்தை நிரப்பி நேர்காணலுக்குப் போக வேண்டும். 2023 ஜூனிலிருந்து ஓ, பி, எச் வகைகளுக்கான விண்ணப்பக் கட்டணம் 205 டாலர். மனுவுக்கான கட்டணங்கள் தனி, அவை அடிக்கடி மாறுகின்றன.

எச்-1பி பேஸ்பாலுக்குப் பொருந்தாத ஒன்று. குலுக்கலுக்கான பதிவு மார்ச்சில், வேலை தொடங்குவது அக்டோபர் 1இல். அதாவது சீசன் முடிந்த கையோடு. 2025 செப்டம்பரில் வெளிநாட்டிலிருந்து புதிதாக வருபவருக்கான எச்-1பி மனுவுக்கு 1,00,000 டாலர் கட்டணம் வேறு அறிவித்தார்கள். விண்ணப்பிக்கும் நேரத்தில் நிலவரம் என்ன என்று பார்த்துக்கொள்ளுங்கள். பல்கலைக்கழகங்களுக்கு அந்தக் குலுக்கல் வரம்பு கிடையாது என்பதால் கல்லூரிக் கோச் வேலை சிலருக்கு உண்மையான மாற்றுவழி. மாணவராக இருப்பவர்களுக்குப் படிப்புக்குப் பின் 12 மாத ஓபிடி (படித்த துறையில் வேலை பார்க்கும் அனுமதி) உண்டு, ஸ்டெம் (அறிவியல், தொழில்நுட்பம், பொறியியல், கணிதம்) பாடம் என்றால் இன்னும் 24 மாதம். ஓபிடி தொடங்கும் தேதியைப் பிப்ரவரியை ஒட்டி வரும்படி திட்டமிடுங்கள். மே மாதம் பட்டம் வாங்கி ஜூனில் தொடங்கினால் பாதி சீசன் வீணாகிவிடும், டிசம்பரில் பட்டம் முடிப்பது வசதி.

8. காலண்டர்

துணை அணிகளின் சீசன் செப்டம்பரில் முடிகிறது. யாரை வைப்பது, யாரை விடுவது என்ற முடிவு அப்போதிலிருந்து அக்டோபர் வரை. காலியிடங்கள் அக்டோபரில் வரத் தொடங்கி டிசம்பர் வரை ஓடும். டீம்வொர்க் ஆன்லைன், ஃபேன்கிராஃப்ஸ், அணிகளின் சொந்தத் தளங்கள் ஆகியவற்றைத் தினமும் பாருங்கள். டிசம்பர் தொடக்கத்தில் எல்லா அணி நிர்வாகிகளும் கூடும் விண்டர் மீட்டிங்ஸ். ஜனவரி தொடக்கத்தில் அமெரிக்க பேஸ்பால் கோச் சங்கமான ஏபிசிஏயின் மாநாடு, ஒவ்வோர் ஆண்டும் வெவ்வேறு நகரம். பிப்ரவரி நடுவில் பிட்சர்களும் கேட்சர்களும் ஸ்பிரிங் டிரெய்னிங்குக்கு (சீசனுக்கு முந்தைய பயிற்சி முகாம்) வந்துவிடுவார்கள், அதன்பின் கிடைப்பது யாராவது கடைசி நேரத்தில் விலகிய இடம்தான்.

மாநாட்டுக்குப் போவதில் சங்க உறுப்பினர் கட்டணமும் நுழைவும் சின்னச் செலவு, ஓட்டல்தான் பெரிது. நாலு பேர் சேர்ந்து அறை எடுங்கள். மேடைப் பேச்சுகளைப் பிறகு வீடியோவில் பார்த்துக்கொள்ளலாம், நீங்கள் போவது நடைபாதையில் நிற்பதற்கு. கையில் ரெஸ்யூமே கட்டோடு எல்லோரிடமும் நீட்டாதீர்கள். உங்கள் கோப்பைப் படித்துப் பார்க்க ஒப்புக்கொள்ளும் ஒரு கோஆர்டினேட்டர் கிடைத்தால் வந்த செலவுக்குச் சரியாகிவிட்டது.

9. நேர்காணல்

முதலில் தொலைபேசி, அப்புறம் ஒரு வீட்டுப்பாடம். ஒரு வீரரின் வீடியோவும் எண்களும் அனுப்பி, சில நாளில் திட்டம் கேட்பார்கள். இங்கே எல்லோரும் செய்வது, கண்ணில் படும் ஏழு குறைகளையும் பட்டியல் போடுவது. அப்படிச் செய்யாதீர்கள். ஒன்றைத் தேர்ந்து, ஏன் மற்ற ஆறையும் இப்போதைக்குத் தொடவில்லை என்று சொல்லுங்கள். பிறகு நடித்துக்காட்டச் சொல்லலாம்: "நான் பெரிய போனஸ் வாங்கிய வீரன், உங்கள் யோசனையை ஏற்கமாட்டேன். இப்போது என்ன செய்வீர்கள்?" இதற்கு மனப்பாடப் பதில் கிடையாது. முதலில் அவனிடம் ஒரு கேள்வி கேட்பவருக்கே வேலை கிடைத்ததை நான் பார்த்திருக்கிறேன்.

10. ஒப்பந்தமும் பணமும்

பெரும்பாலும் ஓராண்டு ஒப்பந்தம். மைனர் லீக் வீரர்களுக்கு இப்போது சங்கம் உண்டு. 2023இல் வந்த ஒப்பந்தப்படி காம்ப்ளக்ஸ் லீக் வீரருக்கு ஆண்டுக்குக் குறைந்தது 19,800 டாலர், ட்ரிபிள்-ஏ வீரருக்கு 35,800. அந்த ஒப்பந்தம் கோச்களைப் பற்றிப் பேசுவதில்லை. 2022இலிருந்து அணிகள் வீரர்களுக்குத் தங்குமிடம் தரவேண்டும் என்ற விதியும் அப்படித்தான். உங்களுக்கும் வேண்டுமென்றால் கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும்.

சம்பளத்தை எப்படி மதிப்பிடுவது? கலிஃபோர்னியா, கொலராடோ, வாஷிங்டன், நியூயார்க் மாநிலங்களில் வேலை விளம்பரத்திலேயே சம்பள வீச்சைச் சொல்ல வேண்டும் என்று சட்டம் இருக்கிறது. அங்குள்ள அணிகளின் விளம்பரங்களைச் சேர்த்துவைத்தால் உங்கள் நிலைக்கு என்ன கேட்கலாம் என்று புரிந்துவிடும்.

கையெழுத்துக்கு முன் கேளுங்கள்: ஒப்பந்தம் எந்தத் தேதியில் முடிகிறது? மருத்துவக் காப்பீடு முதல் நாளிலிருந்தா? ஸ்பிரிங் டிரெய்னிங்கில் ஓட்டல் யார் செலவு? அங்கிருந்து துணை அணி ஊருக்கு மாறும் செலவு? பலர் மாட்டிக்கொள்வது வாடகையில்தான். சொந்த ஊரில் ஒரு வீடு, சீசன் ஊரில் ஒரு வீடு என்று ஏப்ரலிலிருந்து செப்டம்பர் வரை இரண்டு வாடகை. சீசன் நடுவில் வேறு நிலைக்கு மாற்றினால் மூன்று. நிதானமான வாழ்க்கைதான் வேண்டும் என்றால் கல்லூரியே மேல். 2022இல் மினசோட்டா ட்வின்ஸின் பிட்சிங் கோச் வெஸ் ஜான்சனே சீசன் நடுவில் வேலையை விட்டு எல்எஸ்யூ கல்லூரி அணிக்குப் போனார்.

தனியாகப் பாடம் எடுத்துச் சம்பாதிப்பவர்கள் இதையும் கேளுங்கள்: வேலையில் சேர்ந்த பின் அதைத் தொடரலாமா? பல அணிகள் அனுமதிப்பதில்லை.

11. முதல் சீசனில் வேலையை இழக்கவைக்கும் விஷயங்கள்

கைபேசியிலிருந்து பந்தய ஆப்களை ஒப்பந்தத்துக்கு முன்பே நீக்குங்கள். பந்தயத்தைத் தடுக்கும் மேஜர் லீக் விதி 21 கோச்சுக்கும் பொருந்தும். ஏதாவது ஒரு பேஸ்பால் ஆட்டத்தில் பந்தயம் கட்டினால் ஓராண்டுத் தடை, நீங்கள் பங்கேற்கும் அணியின் ஆட்டம் என்றால் ஆயுள் தடை. தொகை சின்னதா பெரிதா என்பது கணக்கே இல்லை. 2024 ஜூனில் வீரர் ஒருவருக்கு ஆயுள் தடையும் வேறு நான்கு வீரர்களுக்கு ஓராண்டுத் தடையும் விதித்தார்கள்.

மெல்லும் புகையிலைக்கு மைனர் லீகில் 1993லிருந்தே தடை.

முதல் பேஸ், மூன்றாம் பேஸ் பக்கம் நிற்கும்போது ஹெல்மெட் கட்டாயம். 2007இல் துல்சா ட்ரில்லர்ஸ் கோச் மைக் கூல்பா முதல் பேஸ் பெட்டியில் நிற்கும்போது பந்து பட்டு இறந்தார். அடுத்த ஆண்டே விதி வந்தது.

நாள் எப்படிப் போகும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இரவு ஏழு மணி ஆட்டத்துக்கு மதியமே மைதானத்தில் இருப்பீர்கள். தனிப் பயிற்சி, பேட்டிங் பயிற்சி, ஆட்டம், முடிந்ததும் ஒவ்வொரு வீரரைப் பற்றியும் அறிக்கை. செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஒரே எதிரணியோடு ஆறு ஆட்டம், திங்கள் விடுமுறை, அதில் பாதி பஸ்ஸில். அறிக்கையைக் காலையில் எழுதிக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடுபவர்கள் இரண்டு வாரத்தில் பின்தங்கிவிடுவார்கள்.

அந்த அறிக்கைகளும் வீரர்களின் எண்களும் அணியின் சொத்து. வேறு அணிக்கு விண்ணப்பிக்கும்போது அவற்றை எடுத்துப்போகக் கூடாது. அதனால் வீரர் பெயரோ அணியின் எண்களோ இல்லாமல், நீங்கள் என்ன யோசித்தீர்கள், எது பலித்தது என்று தனி நோட்டில் குறித்து வாருங்கள். செப்டம்பரில் புதுப்பிக்கமாட்டோம் என்று சொல்லிவிட்டால் பயிற்சித் திட்டமும் நேர்காணல் பதிலும் அதிலிருந்துதான் எழுத வேண்டும். ஒப்பந்தம் நடப்பில் இருக்கும்போதே வேறு அணி கூப்பிட்டால், முதலில் உங்கள் அணியிடம் அனுமதி கேட்கச் சொல்லுங்கள். அந்த வழக்கத்தை மீறிப் பேசினால் இரண்டு இடத்திலும் பெயர் கெடும்.